சேர்வராயன் மலையின் மண்ணுக்குள்

சேலத்து வெயிலைப் பின்னே விட்டு, 20 கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்தால் ஏற்காடு. கடல் மட்டத்திற்கு மேல் ஏறத்தாழ 1,500 மீட்டர். காப்பித் தோட்டங்களின் நிழலில் இலைகள் உதிர்ந்து மக்கி, மண் குளிர்ந்து நெகிழ்ந்திருக்கிறது.

அம்மண்ணுக்குள் வாழ்கிறது ஒரு சிறு பாம்பு. 1863ஆம் ஆண்டில் பெடோம் என்னும் ஆங்கிலேய ஆய்வாளர் இதனை உலகுக்கு அறிவித்து, ஷார்ட் என்ற மருத்துவரின் பெயரைச் சூட்டினார். இது கேடயவால் பாம்புகளின் குடும்பத்தைச் சேர்ந்தது. இந்தியத் தீபகற்பத்திலும் இலங்கையிலுமன்றி வேறெங்கும் அக்குடும்பம் இல்லை. கூரிய தலையால் மண்ணைத் துளைத்து மண்புழுவைத் தின்னும். முட்டையிடாது குட்டி ஈனும். மழுங்கிய வால்நுனியில் மண் அப்பியிருப்பதால், அதுவே தலையோ என்று காண்போர் மயங்குவர்.

மேற்குத் தொடர்ச்சி மலையின் ஈரமண்ணிலும் காலற்ற பிராணி ஒன்று உண்டு. அதன் பெயர் சிசிலியன். பார்வைக்குப் பாம்பு அல்லது பெரிய மண்புழு. உண்மையில் தவளைக்கு உறவு. தோலாலும் சுவாசிப்பதால், தோல் உலர்ந்தால் அது பிழைக்காது. இக்தியோபிஸ் என்ற வகையில், தாய் தன் முட்டைகளைச் சுற்றிச் சுருண்டு காவல் கிடக்கும்.

இவ்விரண்டாலும் மனிதருக்குத் தீங்கில்லை. ஆயினும் மழைநாளில் வெளிப்பட்டால் நச்சுப்பாம்பென்று எண்ணி அடித்துவிடுகிறோம். ஈரமண்ணில் பழகிய ஏற்காட்டுப் பாம்புக்கு, அனல் வீசும் சேலம், நாமக்கல் சமவெளி கடக்கவொண்ணாத கடல், மலையே தீவு. இங்கு அது அற்றுப்போனால், அவ்விடத்தை நிரப்பக் கீழிருந்து வேறொன்று ஏறி வராது. ஆகவே தோட்டத்தில் மண்வெட்டியை ஓங்குமுன் சற்றே நின்று பார்ப்போம்.