மழையைத் தள்ளிவிடாத மந்திரவாதி

இன்று கொஞ்சம் நீளமான பதிவு. அரசியல் இல்லை, ஒரு புத்தகம். நேரம் இருப்பவர்கள் படியுங்கள்.

உர்சுலா கே. லெ குவின் என்ற அமெரிக்க எழுத்தாளர் 1968இல் இளையோருக்காக எழுதிய நாவல் 'எ விசர்ட் ஆஃப் எர்த்ஸீ'. கடல் நடுவே சிதறிக்கிடக்கும் தீவுகள்தான் எர்த்ஸீ உலகம். அங்கே மந்திரம் ஒரு தொழில், நம்மூரில் தச்சு வேலை, கொத்து வேலை மாதிரி. படகின் பாய்க்குக் காற்றை வரவழைக்க, மூடுபனியை விரட்ட, எல்லாவற்றுக்கும் ஆள் உண்டு. ரோக் என்ற தீவில் மந்திரவாதிகளுக்கு ஒரு பள்ளி. அங்குள்ள ஒன்பது பேராசான்களில் ஒருவருக்குப் பட்டமே 'காற்றின் சாவி'.

கதாநாயகன் கெட் பிறந்தது காண்ட் தீவில். அங்கே மந்திரக்காரர்கள் ஏராளம். ஒரு மழைமேகம் வந்தால் ஒருவர் 'இங்கே வேண்டாம்' என்று தள்ளுவார், அடுத்தவர் 'இங்கேயும் வேண்டாம்' என்று திருப்பி விடுவார். அந்த மேகம் பாவம், அலைக்கழிந்து கடலுக்கு மேலே போய்த்தான் நிம்மதியாகப் பெய்ய முடியும். இந்த இடத்தைப் படித்து வாய்விட்டுச் சிரித்தேன். முப்பது வருடம் புவியியல் நடத்தினேன், மழையைப் பற்றி இத்தனை வேடிக்கையாக ஒரு நாளும் சொன்னதில்லை.

அந்தத் தீவிலேயே பெரியவர் ஓகியன். நிலநடுக்கத்தையே அடக்கியவர். அவர் மட்டும் மழையைத் தள்ளுவதில்லை. பெய்கிறதா, பெய்யட்டும் என்று ஒரு அடர்ந்த மரத்தடியில் படுத்துக்கொள்கிறார். கூட வந்த பதின்மூன்று வயதுப் பையன் கெட் நனைந்துகொண்டே முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்கிறான். மழையை நிறுத்தக்கூட முடியாவிட்டால் இவர் என்ன குரு என்று அவனுக்கு ஆத்திரம். அவன் ஏற்கெனவே ஒரு மூடுபனி மந்திரத்தால் எதிரிப் படையிடமிருந்து தன் கிராமத்தையே காப்பாற்றியவன். கோபம் வராதா?

ஓகியன் ஏன் தள்ளவில்லை என்பதற்கு விடை பின்னால் ரோக் பள்ளியில் வருகிறது. ஒரு தீவில் மழையை வரவழைத்தால் இன்னொரு தீவில் வறட்சி வரலாம், ஒரு பக்கம் காற்றை அடக்கினால் மறுபக்கம் புயல் கிளம்பலாம் என்று பாடம் நடத்துகிறார்கள். காற்றும் மழையும் யாருடைய வீட்டுக் குழாயிலும் வருவதில்லை.

இது வெறும் கற்பனை என்று நினைக்க வேண்டாம். 1946இலேயே வின்சென்ட் ஷேஃபர் விமானத்திலிருந்து மேகத்தில் உலர்பனியைத் தூவிப் பரிசோதித்துவிட்டார். மேக விதைப்பு என்று அதைத்தான் சொல்கிறோம். இந்த நாவல் வெளியான அதே சமயத்தில், 1967 முதல் 1972 வரை, அமெரிக்க ராணுவம் ஹோ சி மின் பாதைக்கு மேலே மேகங்களை விதைத்தது. மழைக்காலத்தை நீட்டித்து, பாதையைச் சேறாக்கி, வியட்நாம் படைகளின் லாரிகளை முடக்குவது நோக்கம். 'ஆபரேஷன் பாப்பாய்' என்று பெயர். அப்போது அது பரம ரகசியம், லெ குவினுக்குத் தெரிந்திருக்க வழியே இல்லை. பிறகு விஷயம் வெளியே வந்து, வானிலையைப் போர்க்கருவி ஆக்கக் கூடாது என்று 1977இல் நாடுகள் ஒரு சர்வதேச ஒப்பந்தத்தில் கையெழுத்திடத் தொடங்கின. ஓகியன் மரத்தடியில் படுத்துக்கொண்டதன் அர்த்தம் எனக்கு அங்கேதான் முழுசாகப் புரிகிறது.

ஆனால் ஓகியனோடு எனக்கு ஒரு சண்டை உண்டு. அவர் ஏன் வாயைத் திறந்து காரணம் சொல்லவில்லை? பாடம் எப்போது ஆரம்பிக்கும் என்று பையன் கேட்டால், ஆரம்பித்துவிட்டது என்கிறார். லெ குவினுக்குத் தாவோ தத்துவத்தில் ஆழ்ந்த ஈடுபாடு. 'தாவோ தே ஜிங்' நூலைத் தன் நடையில் எழுதி 1997இல் வெளியிட்டார். எனவே மௌன குரு மீது அவருக்கு மரியாதை இருப்பது இயல்பு. எனக்கு அந்த மரியாதை பாதிதான். பையன் பொறுமை இழந்து, குருவின் அலமாரியில் இருந்த பழைய மந்திர நூலைத் தானே எடுத்துப் பிரிக்கிறான். கதவோரம் ஒரு நிழல் வந்து நிற்கிறது.

'ரோக்கில்தான் விளக்கமாகச் சொன்னார்களே, அப்போதும் கேட்டானா?' என்று நீங்கள் மடக்கலாம். உண்மைதான், கேட்கவில்லை. சக மாணவனிடம் போட்டி போட்டு, இறந்தவளின் ஆவியை அழைத்து, அந்த நிழலை உலகத்துக்குள் விட்டுவிடுகிறான். அவனைக் காப்பாற்றப் போய்த் தலைமை மந்திரவாதி உயிரை விடுகிறார். இருந்தாலும் நான் மாற மாட்டேன். கேட்பதும் கேட்காததும் பிள்ளை பாடு, சொல்வது வாத்தியார் வேலை.

அடுத்து, இந்தப் புத்தகத்தைச் சுற்றி இன்றுவரை ஓயாத வாதம். எட்டாம் வகுப்புப் படிக்கும் என் பேத்தி பாதியில் நிறுத்திவிட்டுக் கேட்டாள்: "பாட்டி, இவனுக்கு முதல்ல ஆடு கூப்பிடற மந்திரம் சொல்லிக் கொடுத்ததே இவனோட சித்திதானே? அப்புறம் ஏன் பொம்பளைங்க மந்திரம் மட்டம்னு சொல்றாங்க? அந்த ஸ்கூல்ல ஒரு பொண்ணு கூட இல்லையே!"

சரியான கேள்வி. காண்ட் தீவில் இரண்டு பழமொழிகள் உலவுகின்றன, ஒன்று பெண்களின் மந்திரம் பலவீனமானது என்கிறது, இன்னொன்று கெட்டது என்கிறது. எழுதியவரே ஒரு பெண்! நிறத்தில் அத்தனை துணிச்சல் காட்டியவர் அவர். கெட் செம்பழுப்பு நிறம், அவன் உயிர்த்தோழன் கறுப்பு. 2004இல் தொலைக்காட்சித் தொடரில் கெட்டை வெள்ளைக்காரன் ஆக்கியபோது வெளிப்படையாகக் கண்டித்து எழுதினார். ஆனால் பெண்கள் விஷயத்தில், பழைய வீரக்கதைகளின் வழக்கத்தை அப்படியே எடுத்துக்கொண்டார்.

அதை அவரே உணர்ந்து, 1990இல் நான்காம் நாவல் 'டெஹானு'வை எழுதினார். அதில் கெட் மந்திர சக்தி அனைத்தையும் இழந்து, சின்ன வயதில் செய்ததுபோல் ஆடு மேய்க்கப் போகிறான். கதை டெனார் என்ற நடுத்தர வயது விதவையுடையது. அவள் வளர்க்கும் சிறுமியைச் சொந்தக்காரர்களே தீயில் தள்ளியிருக்கிறார்கள். சாகும் தறுவாயில் ஓகியன் டெனாரிடம் சொல்கிறார், அந்தப் பிள்ளைக்கு எல்லாம் சொல்லிக்கொடு, ரோக்கில் மட்டும் வேண்டாம் என்று. மௌன குரு கடைசியில் பேசிவிட்டார்! எத்தனையோ வாசகர்களுக்குக் கோபம். எங்கள் மாவீரனை இப்படி ஆக்கிவிட்டாயே, கதைக்குள் பெண்ணியப் பிரசாரமா என்று. அவர் பின்வாங்கவில்லை. 2001இல் வந்த கதைத் தொகுப்பில், ரோக் பள்ளியைத் தொடங்கியவர்களிலேயே பெண்கள் இருந்தார்கள், பிறகுதான் கதவு சாத்தப்பட்டது என்று எழுதிவிட்டார். என் ஓட்டு 'டெஹானு'வுக்குத்தான்.

பேத்தியிடம் இதையெல்லாம் சொன்னேன். உடனே நான்காம் புத்தகம் வேண்டும் என்றாள். "அந்தக் குழந்தைக்கு நடந்தது ரொம்பக் கொடுமைம்மா, இவளுக்கு இன்னும் ரெண்டு வருஷம் போகட்டும்" என்று என் மகள் தடுத்துவிட்டாள். அவள் பயத்திலும் நியாயம் இருக்கிறது. அந்தப் புத்தகத்தில் என்ன இருக்கிறது, அம்மா ஏன் தயங்குகிறாள் என்று பேத்தியை உட்கார வைத்து விளக்கினேன். இப்போது இரண்டாம் புத்தகத்தில் இருக்கிறாள். நான்காவது என் அலமாரியில் இருக்கிறது. அலமாரிக்குப் பூட்டு கிடையாது.