ஓ.பி. நோட்டுல ஒரு வரி

எங்க ஊரு ஆரம்ப சுகாதார நிலையத்தை மூடிட்டு, 6 கிலோமீட்டர் தள்ளி மெயின் ரோட்டுல இருக்கிற ஆஸ்பத்திரியோட சேர்க்கப் போறாங்கன்னு தெரிஞ்சதுல இருந்து ஊருல வேற பேச்சே இல்ல. காரணம் கேட்டா, "ஓ.பி. சீட்டு குறைஞ்சு போச்சு, யாரும் வர்றதில்ல"ங்கிறாங்க.

ஏன் குறைஞ்சதுன்னு எங்களுக்குத் தெரியும். இருந்த டாக்டர் மாறுதலாகிப் போய் எட்டு மாசம் ஆச்சு. வாரத்துல ரெண்டு நாள் மட்டும் வெளியூர்ல இருந்து ஒரு டாக்டரம்மா வந்துட்டுப் போறாங்க. சர்க்கரை மாத்திரை பாதி நாள் இருக்காது. தீவனம் போடாம கட்டி வச்சிட்டு, பால் கறக்கலன்னு மாட்டைச் சந்தைக்கு ஓட்டுற கதைதான் இது.

ஆறு கிலோமீட்டரெல்லாம் ஒரு தூரமான்னு டவுன்ல இருக்கிறவங்க கேக்கலாம். நாய்க்கடியவே எடுத்துக்குங்க. முதல் ஊசி போட்ட பிறகு 3, 7, 28-ஆம் நாள்னு மறுபடியும் போகணும். ஆக நாலு தடவை. பஸ்ஸு காலையில ஒண்ணு, சாயங்காலம் ஒண்ணு. களை எடுக்கப் போற பொம்பளைக்கு அது நாலு நாள் கூலி. ரெண்டு ஊசியோட நிறுத்திடத்தான் தோணும். வெறிநோய் வந்துட்டா அப்புறம் பொழைக்க வழி கிடையாது.

ராத்திரி தண்ணி பாய்ச்சப் போறவங்களுக்குக் கட்டுவிரியன் பயம். அது கடிச்சா பல சமயம் வலி, வீக்கம் ஒண்ணும் தெரியாது. நேரம் போகப் போக இமை தொங்கும், மூச்சு முட்டும். மந்திரிக்க ஓடாதீங்க, நேரா இங்க வாங்கன்னு வீடு வீடா வந்து சொன்னது இந்த ஆஸ்பத்திரி நர்சம்மாதான். நாங்க கேட்டுப் பழகின பிறகு இப்ப ஆஸ்பத்திரியவே எடுக்கிறாங்க.

அக்டோபர் 2 கிராம சபையில நூறு நாள் வேலைக்குப் போற பொம்பளைங்கதான் முதல்ல எந்திரிச்சாங்க. மூடக்கூடாதுன்னு சொன்னதோட அவங்க நிக்கல. "டாக்டரைப் போடுங்க, மாத்திரை குடுங்க, ஆறு மாசம் கழிச்சு சீட்டை எண்ணுங்க, அப்புறம் பேசலாம்"னு தீர்மானத்துல எழுத வச்சாங்க. கைநாட்டும் கையெழுத்துமா மூணு பக்கம் வந்துச்சு. திங்கக்கிழமை மனு நாள்ல கலெக்டர் ஆபீஸ்ல குடுத்து ரசீது வாங்கியிருக்கோம். பதில் இன்னும் வரல. பூட்டும் இன்னும் விழல.

உங்ககிட்ட ஒண்ணு கேக்கறேன். பொங்கலுக்கு சொந்த ஊருக்குப் போனா, பிரஷர் பாக்கவாவது அங்க இருக்கிற அரசு ஆஸ்பத்திரிக்குப் போய் ஒரு சீட்டு போடுங்க. எண்ணிப் பாக்க வர்றவங்களுக்கு அந்த நோட்டுல ஒரு வரி கூட இருக்கும்.