'ருமைசா' என்றால் பூங்கொத்தா... கண் பீளையா? ஒரு பெயரைத் தேடிப்போன தாயின் கதை

குழந்தை பிறந்த ஏழாம் நாள். தலைமுடி இறக்கியாகிவிட்டது. அந்த முடியின் எடைக்கு வெள்ளி விலை கணக்குப் போட்டு தர்மமும் கொடுத்தாகிவிட்டது. ஹஜ்ரத் குனிந்து, குழந்தையின் காதருகே பெயரைச் சொன்னார்... 'ருமைசா'.

ராமநாதபுரம் மாவட்டத்துக் கடலோர ஊர் அது. கூடியிருந்த சொந்தக்காரர்களில் பாதிப் பேருக்கு அந்தப் பெயர் புதிது. "என்ன பேரு?" என்று இரண்டு முறை கேட்டவர்களும் உண்டு. "அர்த்தம் என்னம்மா?" என்று கேட்டவர்களுக்கெல்லாம் அந்த இளம் தாய் பெருமையாகச் சொன்னார், "பூங்கொத்து!"

ஏழாம் மாதத்திலிருந்தே தேடிப் பிடித்த பெயர் அது. ஆயிஷா, ஃபாத்திமா, மர்யம் எல்லாம் அழகான பெயர்கள்தான். ஆனால், தெருவுக்கு நாலு பேர் இருக்கிறார்கள். டீச்சர் கூப்பிட்டால் மூன்று பிள்ளைகள் எழுந்து நிற்காத பெயராக வேண்டும் என்பது அவர் ஆசை. மொபைலில் விரல் தேயத் தேடியதில் ஒருநாள் கண்ணில் பட்டது ருமைசா. பக்கத்திலேயே 'பூங்கொத்து' என்று போட்டிருந்தது. அவ்வளவுதான், முடிவு செய்துவிட்டார்.

அந்தச் சந்தோஷம் மூன்று நாள்தான் நீடித்தது.

துபாயில் வேலை பார்க்கும் கணவர், தன்னோடு வேலை பார்க்கும் அரபு நண்பரிடம் மகளின் பெயரைச் சொல்லியிருக்கிறார். நண்பர், "நல்ல பெயர். நபித்தோழி ஒருவரின் பெயர்" என்று வாழ்த்தினார். அர்த்தம் பூங்கொத்துதானே என்று கேட்டதும் சிரித்துவிட்டார். தன் கண்ணின் ஓரத்தைத் தொட்டுக் காட்டி, காலையில் எழுந்ததும் இங்கே ஒட்டிக்கொண்டிருக்குமே, அதிலிருந்து வந்த பெயர் என்றார்.

அன்று ராத்திரி வீடியோ காலில் கணவர் கேட்ட முதல் கேள்வி, "என்னம்மா, புள்ளைக்குப் பூளைன்னா பேரு வெச்சிருக்கோம்?"

அகராதி என்ன சொல்கிறது?

மறுநாளே ஹஜ்ரத்துக்கு ஆள் போனது. அவர் வீட்டுக்கு வந்து, நிதானமாக உட்கார்ந்து சொன்னார். நண்பர் சொன்னது உண்மை. 'ரமஸ்' என்றால் கண்ணின் ஓரத்தில் சேரும் வெண்மையான அழுக்கு. பீளை என்று எழுதுவோம், பூளை என்று பேசுவோம். பழைய அரபு அகராதிகள் இதிலும் நுணுக்கம் பார்க்கின்றன. கண்ணோரத்தில் காய்ந்து நின்றால் 'ரமஸ்', ஈரமாக வழிந்தால் 'கமஸ்'. பீளை கட்டிய கண்ணை உடைய பெண் 'ரம்ஸா'. அதைச் செல்லமாகச் சுருக்கினால் ருமைசா. கமஸிலிருந்து அதேபோல வருவது குமைசா.

ஹசன் என்பது ஹுசைன் ஆவதும் இதே முறையில்தான். அரபியில் ஒரு சொல்லை இப்படி மாற்றினால் சிறியது, செல்லமானது என்ற பொருள் ஏறிவிடும். அதனால் ருமைசாவை அப்படியே பிரித்தால், 'பூளைக் கண்ணு குட்டி' என்று ஒரு வீட்டில் கொஞ்சிக் கூப்பிடுவதைப் போல வரும்.

பூங்கொத்து எங்கிருந்து வந்தது? பெயர்ப் பட்டியல்களில் ஒருவர் போட்டதை அடுத்தவர் அப்படியே எடுத்துப் போடுகிறார். பழைய அகராதிகளில் இந்தப் பெயருக்குப் பூவோடு சம்பந்தமே இல்லை.

எழுத்திலும் ஒரு சிக்கல் இருக்கிறது. ருமைசாவில் வருவது அரபியின் அழுத்தமான 'ஸாத்'. அதை மெல்லிய 'ஸீன்' எழுத்தால் எழுதினால் வேர்ச்சொல்லே மாறிவிடும். ஸீன் போட்ட 'ரம்ஸ்' என்பதற்குக் கல்லறை என்று பொருள். தமிழில் இரண்டுக்கும் 'ஸ' அல்லது 'ச' தான். ஆஸியா என்ற பெயரிலும் இதே கதைதான். ஃபிர்அவ்னின் மனைவி ஆஸியா மதிப்புமிக்க பெண்மணி. ஆனால் அரபியில் வேறு எழுத்துகளோடு எழுதப்படும் இன்னோர் 'ஆஸியா'வுக்கு மாறு செய்பவள் என்று பொருள். தமிழில் எழுதும்போது இரண்டும் ஒன்றாகிவிடும்.

இப்படியும் பெயர் வைப்பார்களா?

வைப்பார்கள். பாலைவனத்து அரபுகள் தங்களைச் சுற்றி இருந்ததையும் குழந்தையிடம் கண்டதையும் பெயராக்கினார்கள். தல்ஹா என்றால் முள்மரம். ஃபாத்திமா என்ற பெயர், பால் மறக்கச் செய்வதைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது. கதீஜாவின் வேர்ச்சொல் குறைமாதப் பிரசவத்தைக் குறிக்கிறது. இன்று இந்தப் பெயர்களைக் கேட்டால் யாருக்கும் முள்ளோ குறைமாதமோ நினைவுக்கு வருவதில்லை. அந்தப் பெயரோடு வாழ்ந்தவர்கள்தான் நினைவுக்கு வருகிறார்கள். நம் ஊரிலும் குப்பம்மாள், பிச்சை என்று பெயர் வைத்த தாய்மார்கள் பிள்ளையை வெறுத்தா வைத்தார்கள்?

அப்படியானால் ருமைசா என்றால் நினைவுக்கு வர வேண்டியது யார்?

மதீனாவின் ருமைசா

அன்று யத்ரிப் என்று அழைக்கப்பட்ட மதீனாவில், நஜ்ஜார் குலத்தில் பிறந்த மில்ஹானின் மகள் அவர். உம்மு சுலைம் என்று வரலாறு அறியும் பெண். அவரது இயற்பெயராக நூல்கள் பல பெயர்களைச் சொல்கின்றன. ருமைசா, குமைசா என்ற பெயர்கள் நிலைத்தன. அவர் கண்ணில் பீளை கட்டும் வழக்கம் இருந்ததால் வந்த பெயர் என்று விளக்கம் எழுதிய அறிஞர்களும் உண்டு.

முதல் கணவருக்கு அவர் இஸ்லாத்தை ஏற்றது பிடிக்கவில்லை. கோபித்துக்கொண்டு சிரியா பக்கம் போனவர் அங்கேயே இறந்துபோனார். கையில் சிறு பையன் அனஸ். பிறகு அபூதல்ஹா பெண் கேட்டு வந்தார். வசதியானவர், மதிக்கப்பட்டவர். ஆனால் அப்போது அவர் இஸ்லாத்தை ஏற்றிருக்கவில்லை. உங்களைப் போன்றவரை மறுக்க முடியாது, நீங்கள் இஸ்லாத்தை ஏற்றால் அதுவே எனக்கு மஹர், வேறு எதுவும் வேண்டாம் என்றார் உம்மு சுலைம். பொன்னோ பொருளோ இல்லாத அந்த மஹரை இன்றுவரை முஸ்லிம் வீடுகளில் எடுத்துச் சொல்கிறார்கள்.

பத்து வயது மகன் அனஸை நபிகள் நாயகத்துக்குப் பணிவிடை செய்ய அனுப்பியவரும் அவர்தான். பத்து ஆண்டுகள் கூடவே இருந்த அந்தப் பையன் வழியாக 2,000-க்கும் மேற்பட்ட நபிமொழிகள் உலகுக்குக் கிடைத்தன. 630-ம் ஆண்டு ஹுனைன் போரின்போது, கர்ப்பிணியாக இருந்த நிலையிலும் இடுப்பில் குத்துவாளோடு நின்றவர் என்பதும் பதிவாகியிருக்கிறது.

ஆனால், அவரை எல்லோரும் நினைவுகூர்வது ஒரு இரவுக்காக.

அபூதல்ஹா வெளியே போயிருந்தபோது, அவர்களுடைய நோயாளிக் குழந்தை இறந்துவிட்டது. குருவி ஒன்றை வளர்த்து, அது செத்துப்போனதற்காக வாடியிருந்தபோது நபிகள் நாயகமே அருகில் வந்து விசாரித்தாரே, அந்தச் சின்னப் பையன் அபூ உமைர்தான் இது என்று அறிஞர்கள் பலர் சொல்கிறார்கள். தாய் குழந்தையைத் துணியால் போர்த்தினார். நான் சொல்லும்வரை யாரும் அவரிடம் சொல்லக் கூடாது என்று வீட்டாரிடம் கேட்டுக்கொண்டார். கணவர் வந்து பிள்ளை எப்படி இருக்கிறான் என்று கேட்டபோது, முன்பைவிட அமைதியாக இருக்கிறான் என்று பதில் சொன்னார். சாப்பாடு போட்டார். களைத்து வந்தவர் ஓய்வெடுத்த பிறகுதான் ஒரு கேள்வி கேட்டார். ஒருவர் இரவலாகக் கொடுத்த பொருளைத் திருப்பிக் கேட்டால், தர மாட்டோம் என்று சொல்ல முடியுமா? முடியாது என்றார் கணவர். அப்படியானால் உங்கள் பிள்ளையைத் தந்தவன் திரும்ப எடுத்துக்கொண்டான் என்றார் அந்தத் தாய்.

முன்பே சொல்லவில்லையே என்று அபூதல்ஹாவுக்குக் கோபம் வந்தது. விடிந்ததும் நபிகளிடம் போய்ச் சொன்னார். நபிகள் அந்தத் தம்பதிக்காகப் பிரார்த்தித்தார். பிறகு பிறந்த ஆண் குழந்தையின் வாயில் பேரீச்சம்பழத்தை மென்று தடவி, அப்துல்லாஹ் என்று பெயரும் வைத்தார். சொர்க்கத்தில் ருமைசாவைக் கண்டதாக நபிகள் சொன்ன செய்தி புகாரி தொகுப்பில் இருக்கிறது. முஸ்லிம் தொகுப்பிலும் அதே செய்தி உண்டு. அதில் பெயர் குமைசா.

வானத்தில் அழுதுகொண்டிருக்கும் தங்கை

குமைசா என்ற பெயர் வானத்திலும் உண்டு. அரபுகளின் பழங்கதை ஒன்றில் சுஹைல் என்ற நட்சத்திரத்துக்கு இரண்டு சகோதரிகள். தென்திசைக்கு ஓடிப்போன சுஹைலைத் தேடி ஒருத்தி பால்வீதி என்ற ஆற்றைக் கடந்துவிட்டாள். அவள் 'அபூர்', அதாவது கடந்தவள். இன்னொருத்தியால் கடக்க முடியவில்லை. அக்கரையிலேயே நின்று அழுது அழுது அவள் கண் மங்கிப்போனது. அவள்தான் குமைசா.

சுஹைல் வேறு யாருமில்லை, நாம் அகத்தியர் நட்சத்திரம் என்று சொல்லும் கனோபஸ். கடந்தவள் வானத்திலேயே பிரகாசமான சிரியஸ். அழுதவள் புரோசியான். அதன் பக்கத்து நட்சத்திரம் ஒன்றுக்கு 'கொமைசா' என்ற பெயரை சர்வதேச வானியல் ஒன்றியம் 2016-ல் அதிகாரபூர்வமாக ஏற்றுக்கொண்டது. பிப்ரவரி மாத முன்னிரவில் நம் ஊர் மொட்டை மாடியிலிருந்தே இவர்களைப் பார்க்கலாம். தெற்கே தாழ்வாக சுஹைல், அதற்கு மேலே சிரியஸ், பால்வீதிக்கு இந்தப் பக்கம் தனியாகப் புரோசியான்.

மதீனாவின் உம்மு சுலைமுக்கும் உம்மு ஹராம் என்ற சகோதரி இருந்தார். ருமைசா, குமைசா என்ற பெயர்களில் எது யாருக்கு என்பதில்கூட நூல்கள் மாறுபடுகின்றன. உம்மு ஹராம் முதிர்ந்த வயதில் கடல் கடந்து சைப்ரஸ் போன படையோடு சென்று, அங்கே வாகனத்திலிருந்து விழுந்து இறந்தார். லார்னகா உப்பு ஏரிக்கரையில் அவரது அடக்கத்தலம் இன்றும் இருக்கிறது. வானத்துக் கதையைப் போலவே ஒரு சகோதரி கடந்து போனார், ஒரு சகோதரி ஊரிலேயே இருந்தார்.

மாற்றலாமா, வேண்டாமா?

எல்லாவற்றையும் கேட்ட பிறகும் அந்தத் தாய்க்கு ஒரு கேள்வி மிச்சமிருந்தது. மோசமான அர்த்தம் உள்ள பெயர்களை நபிகள் மாற்றியிருக்கிறார் என்கிறார்களே?

ஆமாம் என்றார் ஹஜ்ரத். மாறு செய்பவள் என்று பொருள்படும் ஆஸியாவை 'ஜமீலா' ஆக்கினார். கரடுமுரடு என்று பொருள்படும் ஹஸ்ன் என்பவரை, எளிமை என்று பொருள்படும் 'ஸஹ்ல்' ஆகச் சொன்னார். என் வாப்பா வைத்த பெயரை மாற்ற மாட்டேன் என்று அவர் மறுத்துவிட்டார். அந்த முரட்டுத்தனம் எங்கள் குடும்பத்தை விட்டுப் போகவே இல்லை என்று பின்னாளில் அவருடைய பேரன் வருத்தப்பட்டார்.

"ஆனா ருமைசாவை அவர் மாத்தலையேம்மா. சொர்க்கத்துல பார்த்ததாச் சொல்லும்போதும் அதே பேரைத்தானே சொன்னார்!" என்று முடித்தார் ஹஜ்ரத்.

வாப்பாவும் மாமியும் ஆளுக்கொரு பக்கம் பேசினார்கள். பள்ளிக்கூடத்தில் யாராவது அர்த்தம் தெரிந்து கேலி செய்தால் என்ன செய்வது என்று மாமி கேட்டதிலும் நியாயம் இருந்தது. நல்லவேளையாக அவசரம் எதுவும் இல்லை. பிறப்பு பதிவாகிவிட்டது, பெயருக்கான இடம் இன்னும் காலியாகத்தான் இருந்தது. பதிவு செய்த நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் பெயரைக் கட்டணமில்லாமல் சேர்க்கலாம். அதன்பிறகு தாமதக் கட்டணத்தோடு 15 வருடம் வரை அவகாசம் உண்டு.

அந்த வாரம் குழந்தைக்கு இடது கண் ஒட்டிக்கொள்ள ஆரம்பித்தது. விடிகாலையில் எழுந்து பார்த்தால் இமை முழுக்கப் பீளை. பதறிப்போய் டாக்டரிடம் தூக்கிக்கொண்டு ஓடினார்கள். பிறந்த குழந்தைகள் பலருக்குக் கண்ணீர் வடியும் குழாய் முழுதாகத் திறந்திருக்காது, பெரும்பாலும் ஒரு வயதுக்குள் தானாகச் சரியாகிவிடும் என்றார் டாக்டர். கண் சிவந்தாலோ வீங்கினாலோ உடனே வர வேண்டும் என்றும் எச்சரித்தார். கொதித்து ஆறிய தண்ணீரில் சுத்தமான பஞ்சை நனைத்துத் துடைக்கவும், மூக்கோரம் மெதுவாக நீவிவிடவும் சொல்லிக்கொடுத்தார்.

ஃபஜ்ர் தொழுகைக்கு எழும் நேரத்தில் அவர் தினமும் அதைச் செய்தார். மடியில் கிடத்தி, பஞ்சால் ஒற்றி ஒற்றி எடுக்கும்போது, ஒட்டியிருந்த இமை மெல்லப் பிரியும். குழந்தை ஒரு கண்ணால் அம்மாவைப் பார்க்கும். ஆயிரத்து நானூறு வருடங்களுக்கு முன்னால், யத்ரிபில் ஏதோ ஒரு வீட்டில், மில்ஹானின் மனைவியும் இப்படித்தானே ஒரு கண்ணைத் துடைத்திருப்பார் என்று ஒருநாள் அவருக்குத் தோன்றியது. துடைத்துக்கொண்டே கொஞ்சிய சொல்தான் பெயராகிவிட்டதோ என்னவோ.

அன்று ராத்திரி கணவர் வீடியோ காலில் வந்தபோது, பெயரைப் பதிய ஆபீஸுக்குப் போவதாகச் சொன்னார். என்ன பெயர் என்று கணவர் கேட்கவில்லை.

"ஸாத் போட்டு அரபியிலயும் எழுதி ஃபைல்ல வெச்சிரு" என்று மட்டும் சொன்னார்.

இப்போது யாராவது அர்த்தம் கேட்டால் அந்தத் தாய் பூங்கொத்து என்று சொல்வதில்லை. "உக்காருங்க, அது ஒரு கதை" என்று ஆரம்பிக்கிறார்.