விராலிமலையின் கல்

விராலிமலை என்றவுடன் நேயர்களில் பலருக்கு மயில்களின் ஞாபகம் வரும். பக்தர்களுக்கு ஆறுமுகப் பெருமானும் அருணகிரிநாதரும் நினைவுக்கு வருவார்கள். ஸ்தல விநோதங்களில் பிரியமுள்ளவர்கள், முருகனுக்குச் சுருட்டு நிவேதனம் செய்யும் வழக்கத்தைச் சொல்லிப் புன்னகை புரிவார்கள். இத்தனை பெருமையையும் சுமந்துகொண்டு நிற்கும் கல்லைப் பற்றி மட்டும் யாரும் ஒரு வார்த்தை பேசுவதில்லை. அதற்குக் காரணம் இல்லாமலில்லை. கருங்கல் நமக்கு அம்மியாயும் ஆட்டுக்கல்லாயும் வாசற்படியாயும் வீட்டோடு வீடாய்க் கிடப்பது. வீட்டிலுள்ள பொருளுக்கு விருந்தாளியின் மரியாதை கிடைப்பது ஏது?

திருச்சியிலிருந்து மதுரை செல்லும் ராஜபாட்டையில் சுமார் 30 கிலோமீட்டர் போனால், சமவெளியின் நடுவே திடீரென்று எழுந்து நிற்கிறது இந்தக் குன்று. பூமி எப்போதோ இதை உந்தி மேலே தள்ளியிருக்க வேண்டும் என்றே பார்ப்பவர்களுக்குத் தோன்றும். உண்மை ஏறக்குறைய அதற்கு நேர் மாறானது. குன்று எழவில்லை, சுற்றுப்புறம் தாழ்ந்தது. வெயிலும் மழையும் ஓடும் நீரும் கோடிக்கணக்கான வருஷங்களாக மிருதுவான பாகத்தையெல்லாம் கரைத்துக் கடலில் கொண்டுபோய்ச் சேர்த்துவிட்டன. கடினமான பாகம் மிஞ்சி நிற்கிறது. நார்த்தாமலை, குடுமியான்மலை, சித்தன்னவாசல் ஆகிய அண்டைக் குன்றுகளின் கதையும் இதுதான். இன்று நாம் படியேறிச் சென்று காற்று வாங்கும் பாறை, ஒரு காலத்தில் தன் தலைக்கு மேல் பல கிலோமீட்டர் பூமியைச் சுமந்துகொண்டு இருட்டில் கிடந்தது!

அவ்வளவு ஆழத்தில் கல் எப்படி உண்டாயிற்று என்பதைப் பற்றிப் பதினெட்டாம் நூற்றாண்டின் பண்டிதர்கள் பலமாகச் சண்டையிட்டுக்கொண்டார்கள். ஜெர்மனியிலிருந்த வெர்னர் என்பவரும் அவருடைய சீடர்களும், ஆதி சமுத்திரத்தின் நீரிலிருந்து உப்புப் படிவதுபோலக் கிரானைட் படிந்தது என்றார்கள். ஸ்காட்லாந்தைச் சேர்ந்த ஜேம்ஸ் ஹட்டன், அது நெருப்பின் குழந்தை என்றார். 1785-ஆம் வருஷத்தில் கிளென் டில்ட் என்னும் பள்ளத்தாக்கில், கரிய பழம் பாறையைப் பிளந்துகொண்டு சிவந்த கிரானைட் நரம்பு நரம்பாய் ஓடியிருப்பதை அவர் கண்டார். குழம்பாய் இருந்தாலன்றி இப்படி இடுக்கில் புகுந்திருக்க முடியுமா? அவர் குதித்த குதியைப் பார்த்து, வழிகாட்டிகள் வெள்ளியோ தங்கமோ அகப்பட்டுவிட்டதாக எண்ணினார்களாம்.

நெருப்புக் கட்சியே வென்றது. பாறைக்குழம்பு பூமிக்கு மேலே பொங்கி வந்தால் சீக்கிரம் ஆறிப்போகும். அப்போது அதில் கண்ணுக்குத் தெரிகிற மணிகள் உண்டாக அவகாசமில்லை. ஆழத்திலேயே தங்கிவிட்டால், மேலே மூடியிருக்கும் பூமி கம்பளியைப்போல் சூட்டைக் காப்பாற்றுகிறது. ஆறுவதற்குப் பல லட்சம் வருஷங்கள் பிடிக்கின்றன. சர்க்கரைப் பாகை அவசரமாய் ஆறவிட்டுக் கிளறினால் பொடியாகிறது, அசைக்காமல் பல நாள் வைத்தால் கற்கண்டாகிறது என்பது நம் பெண்மணிகள் அறிந்த விஷயந்தானே. கருமையான தாதுக்கள் முதலில் உறைகின்றன. பிறகு வெள்ளையும் ரோஜா நிறமுமான பெல்ஸ்பார். கடைசியாக, மிச்சமிருக்கும் இடுக்குகளிலெல்லாம் குவார்ட்ஸ், அதாவது நம் குழந்தைகள் உரசிப் பொறி பறக்கவிடும் வெங்கச்சங்கல், புகுந்து நிரப்புகிறது. இங்குமங்கும் மினுக்குவது காக்காப்பொன் என்கிற அப்பிரகம்.

குழம்பு எங்கிருந்து வந்தது என்ற கேள்வி வெகுகாலம் பாக்கியிருந்தது. 1958-இல் வெளியான ஆராய்ச்சியில் டட்டில், போவன் என்ற இருவர், மிகுந்த அழுத்தத்தில் நீரும் சேர்ந்தால், இந்தத் தாதுக் கலவை 700 டிகிரிக்குக் குறைந்த சூட்டிலேயே உருகிவிடும் என்று சோதனைச் சாலையில் காட்டினார்கள். ஆகவே, பழைய பாறையே ஆழத்தில் வெந்து, அதில் எளிதில் உருகும் பாகம் வியர்வைபோல் வெளிப்பட்டு, பல இடங்களில் கிரானைட்டாயிற்று.

இந்த இடத்தில் புதுக்கோட்டைச் சீமைக்கு ஒரு விசேஷம் உண்டு. நாம் கருங்கல் என்று ஒரே பேரில் அழைப்பதெல்லாம் இங்கே கிரானைட் அல்ல. மணிகள் புள்ளி புள்ளியாய்ச் சிதறிக் கிடந்தால் கிரானைட். வெண்மையும் கருமையும் வரிவரியாய் ஓடினால் அதற்கு 'நைஸ்' என்று பெயர். (பெயர் ஜெர்மன், ஆங்கிலத்தில் நல்லது என்று அர்த்தப்படுத்திக்கொள்ள வேண்டாம்.) உருகத் தொடங்கிப் பாதியில் நின்றுபோன அரைவேக்காட்டுப் பாறைகளும் இவ்வட்டாரத்தில் உண்டு. சமையல் முடியுமுன் அடுப்பங்கரையை எட்டிப் பார்க்கக் கிடைத்த பாக்கியம் என்று சாஸ்திரிகள் சந்தோஷப்படுகிறார்கள். பல்லாவரத்தில் ஆதிமனிதனின் கற்கோடரியை 1863-இல் கண்டெடுத்த ராபர்ட் புரூஸ் பூட், புதுக்கோட்டை சமஸ்தானத்தின் பாறைகளையும் ஆராய்ந்து 1879-இல் எழுதியிருக்கிறார்.

அதே பல்லாவரத்துக் கல்லுக்கு இன்னொரு கதையுண்டு. கல்கத்தா நகரத்தோடு பெயர் சேர்ந்த ஜாப் சார்னாக்கின் கல்லறைக்குச் சென்னைப் பக்கத்துக் கரும்பாறையைக் கொண்டுபோய் வைத்திருந்தார்கள். 1893-இல் தாமஸ் ஹாலந்து அந்தக் கல்லின் இனத்துக்குச் 'சார்னோகைட்' என்று நாமகரணம் செய்தார். நீலகிரியும் பழனிமலையும் சேர்வராயன் மலையும் அந்தக் கல்லே. நம் நாட்டு மலைகள் கல்லறையிலிருந்து பெயர் வாங்கிக்கொண்டது விந்தைதான். பல்லாவரத்தின் பேரையே வைத்திருக்கலாகாதா?

பூகர்ப்ப சாஸ்திரி முதலில் செய்வது சுத்தியால் ஒரு தட்டு. வெயில்பட்ட மேற்புறம் நிறம் மாறிப்போயிருக்கும். புதிதாய் உடைந்த முகந்தான் மெய் பேசும். பிறகு ஒரு சில்லைத் தேய்த்துத் தேய்த்து, ஒரு மில்லிமீட்டரில் நூற்றில் மூன்று பங்கு கனமாக்குகிறார். அப்போது கல் கண்ணாடிபோல் ஒளிவிடும்! இங்கிலாந்தில் சார்பி என்பவர் சென்ற வழி இது. அவருடைய புகழ்பெற்ற கட்டுரை 1858-இல் வெளியாயிற்று. மைக்ராஸ்கோப்பில் வைத்து விசேஷ ஒளியைச் செலுத்தினால், குவார்ட்ஸ் சாம்பல் நிறமாயும், அப்பிரகம் மயில் கழுத்தின் வர்ணங்களோடும் தோன்றுகின்றன.

வயதைச் சொல்வது ஜிர்கான் என்னும் அணுவளவான மணி. அதனுள் அகப்பட்ட யுரேனியம், 447 கோடி வருஷங்களில் பாதி தீரும் கணக்கில், ஈயமாக மாறிக்கொண்டே வருகிறது. இரண்டையும் அளந்தால் வயது கிடைத்துவிடும். மதுரையைச் சுற்றியுள்ள பாறைப் பிரதேசத்தின் ஜிர்கான்கள் பல, சுமார் 55 கோடி வருஷங்களுக்கு முன் நேர்ந்த ஒரு பெருந்தீயைக் குறித்து வைத்திருக்கின்றன. இந்தியாவும் இலங்கையும் மடகாஸ்கரும் அண்டார்டிகாவும் ஒரே கண்டமாய் ஒட்டிக்கொண்ட சமயம் அது.

மலையடிவாரத்தில் அம்மி கொத்திக்கொண்டிருந்த முதியவர் ஒருவரிடம் இதையெல்லாம் பிரஸ்தாபித்தோம். அவர் உளியை நிறுத்தாமலே, "கல்லு படுத்திருக்கிற வாக்குத் தெரியணுங்க ஐயா. தெரியாம வச்சா, நாம சொன்ன எடத்துல ஒடையாது, அது சொன்ன எடத்துலதான் ஒடையும்" என்றார். மணிகள் அழுத்தத்தில் ஒரே பக்கமாய்ச் சாய்ந்திருப்பதைத்தான் அவர் 'வாக்கு' என்கிறார். புத்தகத்தில் இதற்கு ஓர் அத்தியாயம் ஒதுக்கியிருக்கிறார்கள்.

ஆனால் இப்போது கல்லை உடைப்பது பெரும்பாலும் உளியல்ல, வெடி. புதுக்கோட்டை மாவட்டத்தில் கல் குவாரிகளும், ஜல்லி அரைக்கும் யந்திரங்களும் பல. குவாரியைக் கண்டால் பூகர்ப்ப சாஸ்திரிக்கு ஆசைதான். அங்கேதான் புதிய முகம் அகப்படும். அவர் படித்து முடிக்குமுன் பக்கத்தையே கிழித்து லாரியில் ஏற்றிவிடுகிறார்கள் என்பதுதான் வருத்தம். நாமும் ரஸ்தா வேண்டும், வீடு வேண்டும் என்கிறவர்களே. ஜல்லி வேண்டாமென்று சொல்ல நமக்கு வாயில்லை. எனினும் ஓவியமுள்ள சித்தன்னவாசலுக்கும் கல்வெட்டுள்ள குடுமியான்மலைக்கும் சர்க்கார் காவல் இருக்கிறது. ஓவியமும் கோயிலும் இல்லாத குன்றுக்குக் காவல் யார்?

குன்றையாவது விடுவோம். யந்திரத்தடியில் நிற்கும் ஆட்களைப் பார்க்க வேண்டும். பாறைக்குழம்பில் கடைசியாக உறைந்த அந்தக் குவார்ட்ஸ், அரைபடும்போது கண்ணுக்குப் புலப்படாத தூசியாய்க் கிளம்பி மூச்சோடு உள்ளே போகிறது. நுரையீரலில் தங்கி அதைத் தழும்பாக்குகிறது. சிலிகோஸிஸ் என்ற அந்த வியாதியைக் குணப்படுத்த இன்றுவரை மருந்தில்லை. தண்ணீர் தெளித்துத் தூசியை அடக்குவதும், தக்க முகக்கவசம் தருவதுமே வழி. நாம் பார்த்த இடத்தில் அவர்கள் மூக்கைச் சுற்றி ஒரு பருத்தித் துண்டைக் கட்டியிருந்தார்கள். அந்தத் தூசிக்கு, துண்டின் நூலிடை ஒவ்வொன்றும் திறந்த வாசற்கதவு.