மைஹரில் கேட்ட குழாய் ஒலி

ஜபல்பூரிலிருந்து செல்லும் வண்டி கட்னியைக் கடந்தபின், சத்னாவுக்கு முன்னால் மைஹர் என்னும் நிலையத்தை அடைகிறது. நம் சங்கத்துக் குடும்பங்களுள் பல அவ்வூரை அறியும். திரிகூட மலைமேல் எழுந்தருளியுள்ள சாரதா தேவியைத் தரிசிக்க நவராத்திரியில் திரளும் கூட்டத்துக்காக, வழக்கமாக அங்கு நில்லாத வண்டிகளையும் நிறுத்துவதுண்டு. அந்நாட்களில் பயணச்சீட்டு அறையில் இருப்பவர்களுக்குத் தலை நிமிர நேரமிராது! ஆயினும் ஆயிரத்துக்கு மேற்பட்ட படிகளை ஏறி இறங்கியதும் அடுத்த வண்டியில் திரும்பிவிடுகிறோம். நானும் பலமுறை அவ்வாறே திரும்பியவன்.

இம்முறை என் பத்து வயது மகளை அழைத்துக்கொண்டு, பாபா அலாவுத்தீன் கான் வாழ்ந்த இடத்தைக் காணச் சென்றேன். வங்கத்தில் பிறந்து, ராம்பூர் வசீர் கானிடம் பயின்று, மன்னர் பிரிஜ்நாத் சிங்கின் ஆதரவில் மைஹரில் நிலைத்துவிட்ட சரோட் மேதை அவர். இஸ்லாமியரான அவர் சாரதா தேவியிடம் பெரும் பக்தி பூண்டிருந்தார். 1972இல் மறைந்த அவர் அவ்வூர் மண்ணிலேயே உறங்குகிறார்.

அவருடைய மகன் அலி அக்பர் கான் 1956இல் கல்கத்தாவிலும், 1967இல் அமெரிக்காவின் கலிபோர்னியாவிலும் இசைக் கல்லூரி நிறுவினார். மகள் அன்னபூரணா தேவியின் கதை வேறு. மூத்த மகளின் புகுந்த வீட்டார் அவளது தம்பூராவை எரித்துவிட்டதனால், இளையவளுக்கு இசை கற்பிப்பதில்லை என்று பாபா உறுதி பூண்டிருந்தாராம். ஒருநாள் அண்ணனின் பாடத்தில் நேர்ந்த பிழையை அச்சிறுமி பாடித் திருத்துவதைக் கேட்டு, மனம் மாறி அவளுக்கும் கற்பித்தார் என்பர். பின்னாளில் அவ்வம்மையார் மேடையைத் துறந்தார். ஆனால் கற்பிப்பதைத் துறக்கவில்லை. சிதார் கலைஞர் நிகில் பானர்ஜியும் புல்லாங்குழல் ஹரிபிரசாத் சௌராசியாவும் அவரிடம் பயின்றவர்கள். 2018இல் மும்பையில் காலமானார்.

இவையெல்லாம் நான் முன்னரே படித்தவை. என்னை உலுக்கியது மைஹர் வாத்தியக் குழு. 1918ஆம் ஆண்டு விஷக் காய்ச்சலில் பெற்றோரை இழந்து நின்ற பிள்ளைகளைத் திரட்டி, பாபா அதனை உருவாக்கினார். சங்கீதக் குடும்பத்துப் பிள்ளைகள்தானா என்று அவர் பார்க்கவில்லை. அவர்களுக்காகப் புது வாத்தியமும் செய்தார்: துப்பாக்கிக் குழல்களை வெவ்வேறு நீளங்களில் அறுத்து, வரிசையாக அடுக்கி, கோல்களால் தட்டி வாசிக்கும் ‘நள தரங்கம்’. இசைக் கல்லூரியில் அதனை வாசிக்கக் கேட்டோம். கொல்வதற்கென வார்த்த இரும்பு, கோயில் மணிபோல் ஒலித்தது. வாசித்தவர்களுள் எவரும் பாபாவின் இரத்த உறவினர் அல்லர் என்று அங்கிருந்த ஒரு பெரியவர் சொன்னார்.

வெளியே வந்ததும் என் மகள், “அப்பா, நம் வீட்டிலும் ஒரு குழல் இருக்கிறதே, அதை ஏன் யாரும் வாசிப்பதில்லை?” என்று கேட்டாள்.

அவள் குறிப்பிட்டது என் பாட்டனாரின் நாகசுரத்தை. நரசிங்கம்பேட்டையில் ஆச்சா மரத்தில் கடைந்தது. தஞ்சைப் பக்கத்துச் சிற்றூர்க் கோயிலில் அவர் நாற்பது ஆண்டுகள் அதனை வாசித்தார். என் தந்தையார் இரயில்வே வேலைக்கு வடக்கே வந்ததிலிருந்து அது உறையோடு தகரப் பெட்டியில் கிடக்கிறது. பொங்கலன்று சந்தனம் இட்டு வணங்குகிறோம்; மறுபடி பெட்டியில் வைக்கிறோம். சீவாளிகள் என்றோ பிளந்துபோயின. எனக்கு ஊதத் தெரியாது; கற்கும் வயதில் தேர்வுக்குப் படித்துக்கொண்டிருந்தேன்.

பாட்டனாரின் சீடருடைய பேரன் ஒருவன் இப்பொழுது நாகசுரம் பயில்கிறான். சொந்தமாக நல்ல வாத்தியம் இல்லை. சென்ற ஆண்டு அவன் வீட்டார் பணிவுடன் கேட்டனுப்பியபொழுது, “குடும்பச் சொத்து வெளியே போகக் கூடாது” என்று ஊரிலுள்ள பெரியப்பா மறுத்துவிட்டார். நானும் அன்று அவர் பக்கமே பேசினேன்.

மைஹர் நடைமேடையில் வண்டிக்குக் காத்திருந்தபோதே பெரியப்பாவுக்குக் கடிதம் எழுதத் தொடங்கினேன். அப்பையனிடம் அதனைக் கொடுத்துவிடலாம் என்றும், கோடை விடுமுறையில் நானே கொண்டுவருகிறேன் என்றும் எழுதி, மறுநாள் தபாலில் சேர்த்தேன். மூன்று வாரங்கள் ஆகின்றன. பதில் இன்னும் வரவில்லை. பெட்டியைத் திறந்து, உறையைக் கழற்றி, காற்றுப் படும்படி நாகசுரத்தை அலமாரியின்மேல் வைத்திருக்கிறேன்.