கிழமை இல்லாத நாள்

கற்பனை உலகம் ஒன்றைப் படைக்கப் புகும் கதாசிரியர் மலையைப் படைப்பார், நதியைப் படைப்பார், ராஜாவையும் ராட்சதனையும் படைப்பார். ஆனால் அந்த உலகத்து ஜனங்களுக்குப் பஞ்சாங்கமும் கணித்துக் கொடுப்பவர் அபூர்வம். ஆக்ஸ்போர்டு சர்வகலாசாலையில் பேராசிரியராக இருந்த டோல்கீன் (1892–1973) அத்தகைய அபூர்வ மனிதர். அவருடைய 'லார்டு ஆஃப் தி ரிங்ஸ்' நாவலின் மூன்றாம் பாகம் 1955-ல் வெளிவந்தது. அதன் கடைசியில் உள்ள அநுபந்தங்களில் ஒன்று முழுக்க முழுக்கக் காலக் கணக்கு. கதை முடிந்ததும் புத்தகத்தை மூடிவிடுவோர் பலர். நாமோ அந்த அநுபந்தத்தை மூன்று தடவை படித்தோம்.

ஷையர் என்பது ஹாபிட்டுகள் வாழும் நாடு. ஹாபிட்டுகள் குள்ளமானவர்கள், சாப்பாட்டுப் பிரியர்கள், வம்புக்குப் போகாதவர்கள். அவர்களுடைய வருஷத்துக்குப் பன்னிரண்டு மாதம். ஒவ்வொரு மாதத்துக்கும் சரியாக 30 நாள். மிச்சமுள்ள ஐந்து நாட்கள் எந்த மாதத்திலும் சேராதவை. வருஷக் கடைசி நாளும் முதல் நாளும் 'யூல்' நாட்கள். கோடையின் நடுவே மூன்று நாட்கள். அவற்றில் நடுநாயகமாக நிற்பது 'நடுவருஷ நாள்'. நாலு வருஷத்துக்கு ஒரு முறை அதை அடுத்து இன்னொரு நாளும் வரும். எல்லாம் விருந்துக்கும் கொண்டாட்டத்துக்கும் உரிய நாட்கள்.

ஆதியில் அவர்களுக்கும் நம்மைப் போலவே ஒரு தொல்லை இருந்தது. இந்த வருஷம் திங்கட்கிழமையில் வந்த தேதி அடுத்த வருஷம் செவ்வாய்க்கு நகர்ந்துவிடும். இரண்டாம் ஐசங்ரிம் என்னும் தலைவர் காலத்தில் இதற்கு ஒரு யுக்தி கண்டார்கள். நடுவருஷ நாளுக்கும், நாலு வருஷத்துக்கு ஒரு முறை வரும் அந்த நாளுக்கும் கிழமையே கிடையாது என்று வைத்துவிட்டார்கள். மீதி 364 நாட்கள். சரியாக 52 வாரங்கள். அப்புறம் ஒரு தேதிக்கு என்றென்றைக்கும் ஒரே கிழமைதான். கடிதத்தில் கிழமை எழுதும் வழக்கமே போய்விட்டதாம்! எந்த மாதமும் வெள்ளிக்கிழமையில் பிறவாது ஆதலால், நடக்கவே நடக்காத காரியத்துக்கு 'முதல் தேதி வெள்ளிக்கிழமை' என்று தவணை சொல்வார்களாம்.

ஆண்டுதோறும் மார்கழியில் புதுக் காலண்டருக்காகக் கடைகடையாக ஏறி இறங்கும் நமக்கு இதைப் படித்தபோது நாக்கில் ஜலம் ஊறியது. ஒரே காலண்டரை மாட்டிவிட்டுப் பேரன் காலம் வரை நிம்மதியாக இருக்கலாம் அல்லவா?

இது கதையோடு போன விஷயம் அல்ல. இதே யுக்தியை உள்ளடக்கிய 'உலகக் காலண்டர்' என்ற திட்டத்தை ஐக்கிய நாடுகள் சபை ஆலோசிக்க வேண்டும் என்று 1953-ல் கோரியது நம் பாரத நாடேதான். அதிலும் வருஷக் கடைசியில் ஒரு நாளுக்குக் கிழமை இல்லை. ஆனால் ஏழு நாளுக்கு ஒரு முறை தவறாமல் வரும் புண்ணிய தினத்தை யூதர்கள் எப்படி விட்டுக்கொடுப்பார்கள்? கிறிஸ்தவர்களிலும் பலர் ஆட்சேபித்தார்கள். 1955-ல் அமெரிக்க அரசாங்கம் எதிர்ப்பைத் தெரிவித்தது. 1956-ல் விஷயம் காலவரம்பின்றி ஒத்திவைக்கப்பட்டது.

அதைக் குறித்து நாம் வருத்தப்படவில்லை. நம் தாயாருக்குத் தாம் பிறந்த தேதி தெரியாது. மாதமும் நட்சத்திரமும் தெரியும். ஒவ்வோர் ஆண்டும் அந்த நாள் வேறொரு தேதியில்தான் வரும். எனினும், பாயசம் வைக்க அவர் ஒரு வருஷமும் தவறியதில்லை. சௌகரியம் வேறு, பாத்தியதை வேறு. ஹாபிட்டுகளின் புதுக் கணக்கும் வீட்டுக்குள்தான் சௌகரியமாக இருந்தது. பக்கத்திலுள்ள பிரீ என்னும் ஊரைத் தாண்டிப் போனால் தொல்லைதான் என்று டோல்கீனே ஒப்புக்கொள்கிறார்.

ஆனால் அந்த அநுபந்தத்தில் நம் மனத்தை உருக்கியது வேறொரு செய்தி. ஷையரைச் சேர்ந்த பிரோடோ, சாம் என்ற இரு எளிய ஹாபிட்டுகள் உயிரைப் பணயம் வைத்துச் சென்று, தீய மோதிரம் அழிந்த நாள் மார்ச் 25. தூர தேசத்து அரசர் அந்த நாளையே புத்தாண்டாக்கினார். சொந்த ஊரிலோ அதை யாரும் கொண்டாடவில்லை! அதற்குப் பதிலாக, ஷையரின் ஒரு பகுதியில் ஏப்ரல் 6 அன்று மைதானத்தில் கூடி நடனமாடினார்கள். அது கிழவர் சாமின் பிறந்த நாள் என்றார்கள் சிலர். பொன்மரம் முதன்முதலில் பூத்த நாள் என்றார்கள் வேறு சிலர். எல்ஃப் ஜாதியாரின் வருஷப் பிறப்பு என்றார்கள் இன்னும் சிலர். காரணம் எதுவானாலும், நடனம் மட்டும் நிற்கவில்லை.

நாட்களை வகுக்க அரசாங்கங்களால் முடியும். ஒரு நாளை நல்ல நாளாக்க, வருஷந்தோறும் அதை மறவாத மனிதர்கள் வேண்டும்.