முற்றுகைக்குள் ஒரு குடும்பம்

எந்த ஊர் விழுந்தது, எத்தனை பேர் செத்தார்கள் என்றே போர்ச் செய்திகளைப் படித்துப் பழகிவிட்டோம். அன்று காலை அந்த ஊரில் உலை வைத்தது யார், பிள்ளையைத் தூங்கவைத்தது யார் என்று எந்தச் செய்தியும் சொல்வதில்லை. இந்த வயதில் எனக்கு அதைத்தான் தெரிந்துகொள்ளத் தோன்றுகிறது.

அதைக் காட்டியது 2019இல் வந்த 'ஃபார் சமா' ஆவணப்படம். எடுத்தவர் சிரியாவின் வாத் அல் கதீப். பிரிட்டன்காரரான எட்வர்ட் வாட்ஸ் அவருடன் சேர்ந்து இயக்கினார். வாத், அலெப்போ பல்கலைக்கழகத்தில் பொருளாதாரம் படிக்கப் போன பெண். அசாத் ஆட்சிக்கு எதிராக மாணவர்கள் தெருவுக்கு வந்ததும் படம்பிடிக்கத் தொடங்கினார். டாக்டர் ஹம்சாவைக் காதலித்து மணந்தார். 2016 ஜனவரியில் சமா பிறந்தாள். அதே ஆண்டு கிழக்கு அலெப்போ முற்றுகைக்குள் சிக்கியது. ஹம்சாவின் ஆஸ்பத்திரியைக் குண்டு தகர்த்தது. வரைபடங்களில் ஆஸ்பத்திரி என்று குறிக்கப்படாத வேறொரு கட்டடத்தைத் தேடிப்பிடித்து வேலையைத் தொடர்ந்தார்கள். கைக்குழந்தையும் அங்கேதான்.

படத்தில் ஒரு காட்சி. குண்டுவீச்சில் காயம்பட்ட நிறைமாதக் கர்ப்பிணி ஒருத்தியைத் தூக்கி வருகிறார்கள். வயிற்றைக் கிழித்து எடுத்த குழந்தையிடம் அசைவில்லை. முதுகைத் தேய்க்கிறார்கள், தட்டுகிறார்கள். பார்க்கிற நமக்கே போதும், விட்டுவிடுங்கள் என்று சொல்லத் தோன்றும்போது அது கண் திறந்து அழுகிறது. தாயும் பிழைத்தாள்.

என்றாலும் என் மனதில் தங்கியது வேறு காட்சி. சாப்பாட்டுக்கே தட்டுப்பாடான அந்த நாட்களில், பக்கத்துவீட்டுக்காரர் எங்கிருந்தோ ஒரே ஒரு பெர்சிமன் பழத்தைக் கொண்டுவந்து மனைவி கையில் கொடுக்கிறார். அந்த அம்மாள் முகத்தைப் பார்க்க வேண்டும்! பிள்ளைகள் எரிந்துபோன பேருந்துக்கு வண்ணம் பூசி விளையாடுகிறார்கள். குடும்பம் நடத்துவது என்றால் இதுதான். குண்டு விழும்போதும் அதை விடாமல் நடத்தியவர்களை வீரர் பட்டியலில் யாரும் சேர்ப்பதில்லை. சேர்க்க வேண்டும் என்கிறேன்.

பெற்ற பிள்ளையை அங்கே வைத்துக்கொண்டு கேமரா பிடிக்கலாமா என்று சிலர் கேட்கலாம். இந்தச் சூழலுக்குள் உன்னைப் பெற்றேனே என்று மகளிடம் வாத் அந்தப் படத்திலேயே மனம் குமுறுகிறார். ஆஸ்பத்திரியில் காயம்பட்டவர்கள் வந்துகொண்டே இருந்தார்கள். இருவரும் அவர்களை விட்டுப் போகவில்லை. டிசம்பரில் கிழக்கு அலெப்போ மக்கள் வெளியேற்றப்பட்டபோதுதான் கிளம்பினார்கள். பாதுகாப்பான வீட்டில் உட்கார்ந்துகொண்டு அவர்களுக்குத் தீர்ப்புச் சொல்ல நமக்கு உரிமை கிடையாது.

பிள்ளையையும் ஊரையும் சேர்த்தே படம்பிடித்த இன்னொருவரும் உண்டு. பாலஸ்தீனத்தின் பிலின் கிராமத்து விவசாயி எமாத் புர்னாத், 2005இல் நான்காவது மகன் பிறந்தபோது அவனைப் படமெடுக்கத்தான் கேமரா வாங்கினார். அந்தக் கேமரா ஊர் நிலத்தை மறித்து எழுந்த தடுப்பையும் பதிந்தது; பையன் வளர வளர ஐந்து கேமராக்கள் உடைந்தன. 'ஃபைவ் புரோக்கன் கேமராஸ்' அப்படிப் பிறந்த படம்.

நம் வீடுகளிலும் இப்படிப்பட்டவர்கள் இருக்கிறார்கள். 1942இல் பர்மாவிலிருந்து பிள்ளைகளாக நடந்து வந்தவர்களில் மிச்சமிருப்போர் சிலரே. ஈழத்தில் பதுங்குகுழிக்குள் பிள்ளை வளர்த்த தாய்மார் உண்டு. அவர்கள் பேசச் சம்மதித்தால் கைபேசியை எதிரே வையுங்கள். எந்தப் படை வந்தது என்று தொடங்காதீர்கள். அன்றைக்கு என்ன சமைத்தீர்கள் என்று கேளுங்கள். இந்த ஞாயிற்றுக்கிழமையே கேளுங்கள்.